மக்தலேனா மொந்தேசூமா: ஜெர்மன் சோதனைத் திரைப்படத்தில் நடிகரின் படைப்புப் பங்கு

ஆய்வுச் சுருக்கம்

1960களின் இறுதி முதல் 1984 வரை ஜெர்மன் சோதனைத் திரைப்படங்களில் நடித்த மக்தலேனா மொந்தேசூமாவின் கலைவாழ்வை இக்கட்டுரை விளக்குகிறது. அவர் நடித்த படங்கள் பெரும்பாலும் இயக்குநர்களின் பெயராலேயே பேசப்படுகின்றன. அப்படங்களின் வடிவத்தைத் தாங்கியதில் அவருடைய உடல்மொழிக்குள்ள பங்கினைக் கருதி, அவரை இணைப்படைப்பாளராகக் கொள்ள வேண்டும் என இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: சோதனைத் திரைப்படம், உடல்மொழி, வெர்னர் ஷ்ரோட்டர், உல்ரிக்கே ஓட்டிங்கர்

முன்னுரை

மக்தலேனா மொந்தேசூமா என்பது எரிக்கா குளூகே என்னும் நடிகையின் புனைபெயர். புதிய ஜெர்மன் சினிமாவின் இயக்குநர்களுள் ஃபாஸ்பிண்டர், ஹெர்சாக், வெண்டர்ஸ் ஆகியோர் உலகப்புகழ் பெற்றனர். வெர்னர் ஷ்ரோட்டர் (1945–2010) அவர்களளவு அறியப்படவில்லை. அவருக்குரிய இடம் மறுக்கப்பட்டதை ஃபாஸ்பிண்டரே 1979இல் எழுதிய கட்டுரையில் சுட்டிக்காட்டினார். இயக்குநரின் நிலையே இதுவாக, அவர் படங்களின் முதன்மை நடிகை மேலும் மறைந்துபோனார்.

குரலற்ற நடிப்பு

ஷ்ரோட்டரின் தொடக்ககாலப் படங்கள் 16 மி.மீ. படச்சுருளில் சிறு செலவில் உருவானவை. ஓபரா இசையும் வெகுசனப் பாடல்களும் இசைத்தட்டுகளிலிருந்து சேர்க்கப்பட்டன. நடிகர்கள் அவற்றுக்கு வாயசைத்தனர். உதட்டசைவும் ஒலியும் பல இடங்களில் வேண்டுமென்றே பொருந்தாமல் விடப்பட்டன. உரையாடலால் பாத்திரத்தை வளர்க்கும் வழி நடிகருக்கு இங்கு இல்லை. பார்வை, கழுத்தின் சாய்வு, கைகளின் மெதுவான எழுச்சி, நீண்டநேர அசைவின்மை ஆகியவையே அவருக்கு எஞ்சிய கருவிகள். 1969இல் வெளிவந்த ‘ஐக்கா கட்டாப்பா’வில் மொந்தேசூமா இவற்றைக் கொண்டே துயரத்தையும் பகடியையும் ஒரே தோற்றத்தில் நிறுத்துகிறார்.

1972இல் வெளிவந்த ‘மரியா மாலிப்ரானின் மரணம்’ இம்முறையின் உச்சம். 28 வயதில் இறந்த ஓபரா பாடகியைப் பற்றிய இப்படத்தில் கதை மிகக் குறைவு. அண்மைக் காட்சிகளில் முகங்களே நிகழ்வுகளாகின்றன. இப்படம் உடலைக் கையாளும் முறையை மிஷேல் ஃபூக்கோ 1975இல் அளித்த நேர்காணலில் எடுத்துப் பேசினார்.

பால் எல்லையைக் கடத்தல்

லெபனானின் பால்பெக் இடிபாடுகளில் படமாக்கப்பட்ட ‘சலோமே’யில் (1971) மொந்தேசூமா ஏற்றது ஏரோது மன்னன் வேடம். ஓட்டிங்கரின் ‘ஃபிரீக் ஓர்லாண்டோ’வில் (1981) ஐந்து பகுதிகளினூடே காலமும் பாலும் மாறும் மையப் பாத்திரத்தை ஏற்றார். இவ்விரு படங்களிலும் ஆண், பெண் என்னும் வேறுபாடு நிற்கும் விதத்தாலும் நடக்கும் விதத்தாலும் கட்டமைக்கப்படுவதாகவே வெளிப்படுகிறது.

ஓர் எதிர்வாதம்

ஷ்ரோட்டரின் படங்களில் நடிகர் இயக்குநர் அமைத்த சிற்பம் போன்றவரே என்று வாதிடலாம். ஆயின் ஓட்டிங்கரின் பாணி வேறு. ஓபராத் துயரத்தின் இடத்தில் அங்கு ஆடம்பர உடையும் பெர்லினின் தொழிற்சாலை நிலக்காட்சியும் அங்கதமும் அமைகின்றன. 1979இல் வெளிவந்த ‘ஒரு குடிகாரியின் உருவப்படம்’ என்னும் படத்தில் அவர் ‘சமூகப் பிரச்சினை’ என்னும் உருவகப் பாத்திரமாக வருகிறார். வேறொருவரின் இயக்கத்திலும், நகைச்சுவைக்கிடையிலும், அதே இறுக்கமான நிமிர்வும் தாமதித்த அசைவும் தொடர்கின்றன. எனவே அம்மொழி இயக்குநரிடம் மட்டும் இருந்து வந்ததன்று. நடிகருடன் பயணம் செய்தது.

இறுதிப் படம்

‘ரோஜா அரசன்’ இக்கருத்துக்கு நேரடிச் சான்று. இதன் திரைக்கதையை மொந்தேசூமா ஷ்ரோட்டருடன் இணைந்து எழுதினார். போர்ச்சுகலில் ரோஜாத் தோட்டம் நடத்தும் அன்னா என்னும் தாயாக நடித்தார். 1984இல் படப்பிடிப்பு நடந்தபோது அவர் கடும் புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்தார். அவ்வாண்டு ஜூலையில் இறந்தார். படம் 1986இல் வெளிவந்தது. மொந்தேசூமாவின் உடல் இங்கு நெருங்கிவரும் மரணத்தைத் தாங்கியபடியே நடிக்கிறது. இதற்கான காட்சிகளை அவரே எழுத்திலும் வடித்தார் என்பது குறிப்பிடத்தக்கது.

முடிவுரை

உரையாடலையும் கதையையும் துறந்த திரைப்படத்தில் நடிகரின் உடலே பனுவலாகிறது. அத்தகைய படங்களை இயக்குநரின் படைப்பாக மட்டும் வகைப்படுத்தும் வரலாறு, பனுவலின் பெரும்பகுதியை எழுதியவரை விட்டுவிடுகிறது. மொந்தேசூமாவின் படங்களை அவர் பெயரின்கீழ்த் தொகுத்து நோக்கினால் மட்டுமே அவற்றுக்கிடையிலான தொடர்ச்சி புலப்படும்.