சாலையில் வேலை நடக்கிறது, நிதானம் தேவை!

சாலைகளுக்கு ஓய்வு ஏது? இங்கே தார் போடுவார்கள்; அங்கே குழாய் பதிக்கத் தோண்டுவார்கள். நமது நிபோங் திபால் வட்டாரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். சுங்கை பாக்காப், ஜாவி வழியாக வந்து, கிரியான் ஆற்றைக் கடந்து பாரிட் புந்தாருக்குப் போகிறது பழைய கூட்டரசுச் சாலை. பக்கத்திலேயே 1994-இல் முழுமையாகத் திறக்கப்பட்ட வடக்கு-தெற்கு நெடுஞ்சாலை. பத்து காவானிலிருந்து தீவுக்குச் செல்லும் 24 கிலோமீட்டர் நீளமுள்ள இரண்டாவது பாலம் 2014 மார்ச் 1-இல் திறக்கப்பட்டது. செம்பனைக் குலை லோரிகளும், தொழிற்சாலை பஸ்களும், தோட்டத்து மோட்டார் சைக்கிள்களும் ஓடும் சாலைகளில் பழுது பார்க்கும் வேலைக்குக் குறைவே இல்லை.

அந்தப் பாலம் கட்டப்படும்போது நடந்ததை மறக்க முடியுமா? 2013 ஜூன் 6-ஆம் தேதி, தீவில் பத்து மாவுங் பக்கம் கட்டி வந்த ஏறுபாதை இடிந்து விழுந்தது. ஒரு கார் இடிபாட்டில் புதைந்து, அதிலிருந்தவர் மாண்டார். அவர் பாலத்தில் வேலை செய்தவர் அல்லர், சாலையில் போனவர். கட்டுமான இடத்தின் ஆபத்து வேலையாட்களுக்கு மட்டும் உரியதல்ல என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

பலகை சொல்லும் பாடம்

வேலை நடக்கும் இடத்துக்கு வெகு முன்பாகவே ஆரஞ்சு நிறப் பலகைகள் நிற்கும். ‘அவாஸ்’ என்றால் எச்சரிக்கை. ‘குராங்கான் லாஜு’ என்றால் வேகத்தைக் குறை. ‘லெஞ்சோங்கான்’ என்றால் மாற்றுப் பாதை. பலகையைக் கண்டதும் வேகத்தைக் குறைக்க வேண்டும். பள்ளத்தைக் கண்ட பிறகு அல்ல. மணிக்கு 90 கிலோமீட்டர் வேகத்தில் போகும் வண்டி ஒரு விநாடியில் 25 மீட்டர் ஓடிவிடும். கை பிரேக்கைத் தொடுவதற்குள் அவ்வளவு தூரம் போய்விடும்! வேகம் பாதியானால், பிரேக் பிடித்தபின் வண்டி ஓடும் தூரம் கால்பங்காகிவிடும்.

அடுத்து, கூம்புகள் சாய்வாக வரிசையிட்டு நம்மை ஒரு பக்கமாக ஒதுக்கும். கூம்புகளுக்கு அப்பால் சிறிது இடம் காலியாகக் கிடக்கும். “சும்மாதானே கிடக்கிறது” என்று சில இளைஞர்கள் அதற்குள் மோட்டாரைச் செலுத்துகிறார்கள். அது சும்மா விட்ட இடமல்ல, தம்பி! கட்டுப்பாடு இழந்த வண்டி, வேலையாட்கள் மீது மோதாமல் நிற்பதற்காக விட்ட இடம்.

மோட்டார் ஓட்டிகளுக்கு

சுரண்டிய தார்ச்சாலை, சிதறிய ஜல்லி, மழையில் நனைந்த இரும்புத் தகடு ஆகிய மூன்றிலும் டயர் வழுக்கும். அவற்றின் மேல் போய் பிரேக் பிடிக்காதீர்கள். முன்பே வேகத்தைக் குறைத்து, திருப்பாமல் நேராகக் கடந்து செல்லுங்கள். தலைக்கவசம் 1973 முதல் நம் நாட்டில் சட்டம். டவுனுக்குத்தானே என்று அதை வீட்டில் மாட்டி வைக்காதீர்கள். பின்னால் நகரும் லோரியின் அருகே போகவே வேண்டாம். உங்களை அதன் ஓட்டுநரால் பார்க்க முடியாது.

பெற்றோர் கவனத்துக்கு

தோண்டிய குழியில் மழைநீர் தேங்கினால் ஆழம் தெரியாது. பள்ளிக்கு நடந்து போகும் பிள்ளைகளிடம் பாதுகாப்பான பாதையை முதல்நாளே காட்டிக் கொடுங்கள். குழி ஓரத்திலும் இயந்திரத்தின் அருகிலும் வேடிக்கை பார்க்க விடாதீர்கள்.

குத்தகையாளர் கடமை

பொறுப்பு நமக்கு மட்டும்தானா? இல்லை. பள்ளத்தைச் சுற்றித் தடுப்பு வைப்பதும், இரவில் விளக்கு எரிய விடுவதும், வேலை முடிந்ததும் பலகைகளை அகற்றுவதும் குத்தகையாளர் கடமை. வேலையே நடக்காத இடத்தில் மாதக்கணக்கில் பலகை நின்றால், நாளை உண்மையான பலகையையும் யாரும் நம்பமாட்டார்கள். குறை கண்டால் பொதுப்பணி இலாகாவிடமோ செபராங் பிறை மாநகர் மன்றத்திடமோ தெரிவியுங்கள். சாலையின் பெயரையும் கிலோமீட்டர் கல்லின் எண்ணையும் குறித்துச் சொன்னால் இடத்தை எளிதில் கண்டுபிடிப்பார்கள்.

சிவப்புக் கொடி காட்டுகிறவரைப் பார்த்து ஹாரன் அடிக்காதீர்கள். இந்நாட்டுச் சாலைகளுக்குக் கல் உடைத்துப் போட்டவர்களில் நம் பாட்டன்மாரும் உண்டு. இன்று அந்த வெயிலில் நிற்பவர் யாராயினும், அவர் வீடு திரும்புவார் என்று ஒரு குடும்பம் காத்திருக்கிறது. நம் வீட்டிலும் அப்படித்தானே? இரண்டு நிமிடம் பொறுப்போம். எல்லோரும் வீடு சேரட்டும்.