கண்டியின் களஞ்சியத்தில் எது முதலில்?

கடந்த வருடம் எங்கள் கல்லூரித் தமிழ் மன்றம் ‘கண்டி நகரக் களஞ்சியம்’ என்ற பெயரில் ஒரு கையெழுத்து நூலைத் தொகுக்கத் தீர்மானித்தது. ஒரு விடயத்துக்கு ஓர் அட்டை என்பது ஏற்பாடு. உயர்தர வகுப்பு மாணவிகள் பன்னிரண்டு பேர் சேர்ந்து இரண்டு வாரங்களில் நூற்றுக்கும் மேற்பட்ட அட்டைகளைக் குவித்துவிட்டோம். தலதா மாளிகை, வாவி, மகாவலி கங்கை, மீரா மக்காம் பள்ளிவாசல், புகையிரத நிலையம், மத்திய சந்தை, முத்தையா முரளிதரன் என்று தலைப்புக்குப் பஞ்சமே இருக்கவில்லை. எதற்கு எட்டுப் பக்கம், எதற்கு அரைப் பக்கம் என்ற கேள்வி வந்தபோதுதான் சிக்கல் தொடங்கியது. “முதலில் தரம் பிரியுங்கள், பிறகு எழுதுங்கள்” என்று சொல்லிவிட்டு எங்கள் பொறுப்பாசிரியை போய்விட்டார். லுஹர் தொழுதுவிட்டு நூலகத்தில் உட்கார்ந்த நாங்கள், அஸருக்குப் பாங்கு சொல்லும்வரை மணிக்கூட்டுக் கோபுரத்தை எங்கே வைப்பது என்பதிலேயே சண்டை பிடித்துக்கொண்டிருந்தோம்.

இந்தச் சண்டையை எங்களுக்கு முன்னரே வேறு பலர் பிடித்து, அதற்கு ஓர் ஒழுங்கையும் கண்டிருக்கிறார்கள் என்பது பின்னர்தான் தெரியவந்தது. விக்கிப்பீடியா என்னும் கட்டற்ற கலைக்களஞ்சியம் 2001 இல் ஆங்கிலத்தில் தொடங்கியது. தமிழ் விக்கிப்பீடியா 2003 இல் உருவானது. அதன் தொடக்க காலத்தில் பெரும் பங்காற்றியவர் நமது நாட்டவரான இ. மயூரநாதன். நாம் கட்டுரையை வாசித்துவிட்டுப் பக்கத்தை மூடிவிடுகிறோம். ஆனால் ஒவ்வொரு கட்டுரைக்கும் பின்னால் ஒரு பேச்சுப் பக்கம் இருக்கிறது. ஆங்கில விக்கிப்பீடியாவில் ஒரு நகரத்தையோ நாட்டையோ துறையையோ பொறுப்பெடுத்துக்கொண்ட குழுவினர் அந்தப் பேச்சுப் பக்கத்தில் இரண்டு குறிப்புகளை இடுவார்கள். ஒன்று, கட்டுரை எவ்வளவு நன்றாக எழுதப்பட்டிருக்கிறது என்பது. மற்றையது, தங்கள் துறைக்கு அந்த விடயம் எவ்வளவு முக்கியம் என்பது. முக்கியத்துவத்துக்கு நான்கு படிகள் உண்டு. தமிழில் நாங்கள் அவற்றை உச்சம், உயர்வு, நடு, குறைவு என்று அழைத்தோம்.

இந்த இரண்டு குறிப்புகளையும் நாங்கள் முதலில் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொண்டோம். மகாவலியைப் பற்றி எங்களிடம் நான்கு வரிகள்தான் இருந்தன. அதற்காக மகாவலி முக்கியமற்றதாகிவிடுமா? ஒரு தோழி தன் தெருவிலுள்ள பழைய கடையைப் பற்றி ஆறு பக்கம் அழகாக எழுதி வந்திருந்தாள். அதற்காக அது தலதா மாளிகைக்குப் பக்கத்தில் இடம்பிடித்துவிடுமா? எழுத்தின் தரம் வேறு, விடயத்தின் இடம் வேறு. இன்னொரு குழப்பமும் இருந்தது. ஒரு விடயம் களஞ்சியத்துக்குள் வரத் தகுதியுடையதா என்பது முதற்கேள்வி. நம்பத்தகுந்த பிறர் அதைப் பற்றி எழுதியிருக்கிறார்களா என்று பார்த்து அதைத் தீர்மானிப்பார்கள். உள்ளே வந்த பிறகு அது எந்தப் படியில் நிற்கும் என்பது இரண்டாவது கேள்வி. ‘குறைவு’ என்று குறிக்கப்பட்டதும் உள்ளே வந்த விடயம்தான். யாரும் அதை வெளியே தள்ளவில்லை. இதைப் புரிந்துகொண்ட பிறகு எங்கள் குரல்கள் கொஞ்சம் தணிந்தன.

சரி, எந்த அளவுகோலால் அளப்பது? நாங்கள் கடைசியில் ஒரு கற்பனை வாசகியை வைத்துக்கொண்டோம். அவள் மன்னாரிலோ கல்முனையிலோ இருக்கிறாள், கண்டியைக் கண்டதில்லை. இந்த அட்டையை அவளுக்குக் காட்டாமல் மறைத்தால், கண்டியைப் பற்றி அவள் மனதில் உருவாகும் படம் எந்த அளவுக்குப் பிழையாகும்? தலதா மாளிகையை மறைத்தால் கண்டி ஏன் கண்டியாயிற்று என்பதே அவளுக்கு விளங்காது. 1815 உடன்படிக்கையை மறைத்தால், கடைசிவரை வீழாதிருந்த இராச்சியம் எப்படிப் பிரித்தானியர் கைக்குப் போனது என்பது தெரியாது. ஆகவே இரண்டும் உச்சம். 1807 இல் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் கட்டத் தொடங்கிய வாவி உயர்வு. 1867 இல் வந்த புகையிரதப் பாதையும் உயர்வு. அதுவும் கோப்பியும் தேயிலையும் இல்லாமல் இன்றைய கண்டி இல்லை. 1944 இல் மவுண்ட்பேட்டன் பிரபு தென்கிழக்காசியப் படைகளின் தலைமையகத்தைப் பேராதனைத் தாவரவியல் பூங்காவுக்குக் கொண்டுவந்தது சுவையான செய்தி. என்றாலும் அதை மறைத்தால் நகரத்தின் படம் பெரிதாக மாறிவிடாது. நடு.

ஆட்களை வைப்பதுதான் கடினமாக இருந்தது. முரளிதரன் கண்டியில் பிறந்தவர், கட்டுகஸ்தோட்டையில் படித்தவர், டெஸ்ட் போட்டிகளில் 800 விக்கெட்டுகளை வீழ்த்தியவர். கிரிக்கெட்டின் களஞ்சியத்தில் அவர் உச்சம் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் நாங்கள் தொகுப்பது கிரிக்கெட் களஞ்சியமல்ல. ஒரே மனிதர் ஒரு குழுவின் பட்டியலில் உச்சத்திலும் இன்னொன்றின் பட்டியலில் நடுவிலும் இருக்கலாம், இரண்டும் சரிதான். கண்டிக்கு அவரை உயர்வில் வைத்தோம். குமார் சங்கக்கார மாத்தளையில் பிறந்து கண்டியில் படித்தவர். அவரை நடுவில் வைத்தபோது ஒரு தோழி எங்களோடு இரண்டு நாள் பேசவில்லை.

அறிஞர் சித்திலெப்பை விடயத்தில் நானே நேர்மை தவறப் பார்த்தேன். 1838 இல் கண்டியில் பிறந்த சட்டத்தரணி. 1882 இல் ‘முஸ்லிம் நேசன்’ பத்திரிகையைத் தொடங்கியவர். 1885 இல் வெளிவந்த அவரது ‘அசன்பே சரித்திரம்’ ஈழத்தின் முதல் தமிழ் நாவல் எனப்படுகிறது. முஸ்லிம் பெண்பிள்ளைகள் படிக்கவேண்டும் என்று அந்தக் காலத்திலேயே பாடுபட்டவர். அவர் இல்லாவிட்டால் நான் இந்தக் கட்டுரையை எழுதிக்கொண்டிருப்பேனா என்றே சொல்லமுடியாது. ஆகவே உச்சம் என்று எழுதிவிட்டேன். “உனக்கு முக்கியமா, கண்டிக்கு முக்கியமா?” என்று பக்கத்திலிருந்தவள் கேட்டாள். எனக்குக் கோபம்தான் வந்தது. ஆனால் அவள் கேட்டது நியாயம். இலங்கை முஸ்லிம்களின் கல்வி என்று ஒரு களஞ்சியம் எழுதினால் அவர் முதல் அட்டை. கண்டி நகரத்துக்கு அவர் உயர்வு. அழித்து எழுதினேன். நன்றிக்கடனை அட்டையில் குறிக்கும் படியால் தீர்க்க முடியாதுதான். அட்டைக்குள் நல்ல கட்டுரை எழுதலாம் அல்லவா?

எங்கள் கல்லூரிக்கு என்ன நடந்தது என்று வாசகப் பெற்றோர் கேட்கக்கூடும். ‘கண்டியின் பாடசாலைகள்’ என்ற பொது அட்டை உயர்வில் இருக்கிறது, ஏனென்றால் கல்விக்காகவே பல குடும்பங்கள் இங்கு வந்து குடியேறுகின்றன. தனித்தனிப் பாடசாலைகள் பெரும்பாலும் நடுவிலும் குறைவிலும் இருக்கின்றன. எங்களுடையது நடு. (அதிபரிடம் இதை இன்னும் சொல்லவில்லை.) இதே முறையில்தான் ‘கண்டியின் முஸ்லிம்கள்’ என்ற அட்டை உயர்வுக்கு ஏறியது, தனிப்பட்ட பள்ளிவாசல்கள் கீழே நின்றன. அந்தப் பொது அட்டை எங்கள் பாசத்தினால் ஏறியதல்ல. மன்னர் காலத்தில் மலைநாட்டுக்கும் கரையோரத்துக்கும் இடையே பொதிமாடுகளில் உப்பும் பாக்கும் சுமந்த தவளப் போக்குவரத்திலும், வைத்தியத் தொழிலிலும் முஸ்லிம்கள் வகித்த பங்கை வரலாற்றாசிரியை லோர்னா தேவராஜா 1994 இல் வெளிவந்த தமது நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். வெளியார் ஒருவர் ஆதாரத்தோடு எழுதியிருக்கும்போது நாங்கள் வாதாடவேண்டிய தேவையே இருக்கவில்லை. அதற்கு மாறாக, மீரா மக்காம் பள்ளிவாசலைப் பற்றி என் உம்மும்மா சொல்லும் கதைகளுக்கு ஒரு கடதாசித் துண்டும் கிடைக்கவில்லை. படி எதுவாக இருந்தாலும் உள்ளே எழுத ஏதாவது வேண்டுமே.

கலவரங்களின் அட்டைகள் வந்தபோது நூலகம் அமைதியாகிவிட்டது. 1915 இல் கண்டியில் மூண்ட சிங்கள - முஸ்லிம் கலவரம் தீவின் பல பகுதிகளுக்கும் பரவியது. பிரித்தானியர் இராணுவச் சட்டத்தைப் பிரகடனப்படுத்தினர். அது நாட்டின் அரசியலையே மாற்றிய சம்பவம் என்பதால் உயர்வு. 2018 மார்ச்சில் திகனையிலும் சுற்றுப்புறங்களிலும் நடந்ததை எப்படிக் குறிப்பது? எங்களில் ஒருத்தியின் மாமியுடைய வீடு அந்த வாரத்தில் எரிந்தது. அப்போது நாங்கள் சிறு பிள்ளைகள். ஊரடங்கும், வாப்பா கதவைப் பூட்டிவிட்டு விளக்கை அணைத்ததும் எனக்கு நினைவிருக்கிறது. உச்சம் என்று யாராவது சொன்னால் மறுக்க எனக்கு நாவெழாது. ஆனால் திகனை மாநகர எல்லைக்கு வெளியே, மாவட்டத்துக்குள் இருக்கிறது. அண்மையில் நடந்தது எப்போதும் பெரிதாகவே தெரியும் என்ற எச்சரிக்கையையும் மறக்கக்கூடாது. அந்தத் தோழியே முடிவைச் சொன்னாள்: “நகரத்தின் அட்டையில் நடு என்று போடுங்க. ஆனா மாவட்டத்துக்கு ஒரு களஞ்சியம் செய்யும்போது அதை நான்தான் எழுதுவன்.” அப்படியே குறித்தோம்.

பட்டியலை வீட்டுக்குக் கொண்டுபோய் உம்மாவிடம் காட்டினேன். பாராட்டுவார் என்று எதிர்பார்த்தேன். “மகள், மாளிகையப் பத்தியும் வாவியப் பத்தியும் எல்லாரும்தான் எழுதுறாங்க. நம்மட குப்பை எங்க போகுதுன்டு ஒருத்தரும் எழுதுறல்ல” என்றார். பார்த்தால் உண்மைதான். எங்கள் அட்டைகளில் பாதிக்கு மேல் சுற்றுலாப் பயணி படம் பிடிக்கும் இடங்கள். நகரத்தின் குப்பை மகாவலிக் கரையோரம் கொஹாகொடையில் மலையாகக் குவிகிறது. அந்தக் கங்கையிலிருந்துதான் எங்களுக்குக் குடிநீரும் வருகிறது. இவை இரண்டுக்கும் எங்களிடம் அட்டையே இருக்கவில்லை! எத்தனை பேர் தேடி வாசிக்கிறார்கள் என்பதை வைத்து முக்கியத்துவத்தைத் தீர்மானித்தால் இப்படித்தான் நடக்கும். நீர்வழங்கல், கழிவகற்றல், பஸ் நிலையங்கள் ஆகியவற்றை மறுநாள் புதிதாகச் சேர்த்தோம். நீர்வழங்கல் நேராக உயர்வுக்குப் போனது, யாரும் வாதாடவில்லை.

இவ்வளவு பாடுபட்டுப் படி பிரிப்பதன் பயன் எங்களுக்கு ஒரு கட்டம் வரைந்த பிறகுதான் தெரிந்தது. குறுக்காக முக்கியத்துவம், நெடுக்காக எழுத்தின் தரம். விக்கிப்பீடியாக் குழுக்களும் இதே கட்டத்தை வைத்திருக்கின்றன. முக்கியத்துவம் உச்சமாகவும் எழுத்து வெறும் நான்கு வரியாகவும் இருக்கும் மூலையில் எத்தனை அட்டைகள் விழுகின்றன என்று பார்க்கவேண்டும். அங்கேதான் முதலில் வேலை. எங்கள் கட்டத்தில் அந்த மூலையில் மகாவலியும் 1815 உடன்படிக்கையும் விழுந்திருந்தன. எதிர் மூலையில், குறைந்த முக்கியத்துவமும் அழகான எழுத்துமாக அந்தப் பழைய கடை ஆறு பக்கங்களோடு உட்கார்ந்திருந்தது. அதை யாரும் கிழிக்கவில்லை. அதை எழுதியவளிடம் மகாவலியைக் கொடுத்தோம்.

மணிக்கூட்டுக் கோபுரத்தின் கதையைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். 1947 இல் வீதி விபத்தில் இறந்த தன் மகனின் நினைவாக ஒரு முஸ்லிம் தந்தை கட்டுவித்து நகரத்துக்கு அளித்த கோபுரம் அது. பேராதனைப் பல்கலைக்கழகக் கட்டடங்களை வடிவமைத்த ஷேர்லி டி அல்விஸ்தான் அதையும் வடிவமைத்தார். 1950 டிசம்பரில் பிரதமர் டி.எஸ். சேனாநாயக்க திறந்துவைத்தார். இந்தக் கதை தெரிந்ததும் எங்களில் பாதிப் பேர் உச்சம் என்றார்கள். மறுபாதி, அது ஒரு மணிக்கூடுதானே, குறைவு என்றார்கள். மன்னாரிலிருக்கும் வாசகியிடம் அதை மறைத்தால் கண்டியின் வரலாறு பிழையாகாது. ஆனால் இந்த நகரத்துக்கு வந்து இறங்குகிறவள் பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டால், கிடைக்கும் விடையில் அந்தக் கோபுரத்தின் பெயர் இருக்கும். நடு என்று எழுதி, அட்டையின் பின்பக்கத்தில் அந்தத் தந்தையின் கதைக்கு இரண்டு பக்கம் ஒதுக்கியிருக்கிறோம். அதை எழுதும் பொறுப்பு எனக்கு வந்திருக்கிறது. கோபுரத்திலுள்ள கல்வெட்டைப் பிரதியெடுக்க வரும் சனிக்கிழமை நானும் ராத்தாவும் போகிறோம்.