அடுப்பில் பொறுமை, ஆறவைப்பதில் விரைவு: போலந்தின் பிகோஸ்

நோயிலிருந்து தேறிவருபவரின் குடும்பத்தார் எங்களிடம் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "புரதம் வேண்டும் என்கிறீர்கள், இறைச்சியை மெல்லவே முடியவில்லையே, என்ன செய்வது?" சிறு தீயில் நீண்ட நேரம் வேகவைப்பதே எளிய விடை. இதற்கு நல்ல எடுத்துக்காட்டு, போலந்து நாட்டின் குளிர்கால உணவாகிய பிகோஸ். அதன் நன்மையையும், கவனக்குறைவால் நேரக்கூடிய தீங்கையும் இங்கே விளக்குகிறோம்.

பிகோஸ் பழமையான உணவு. 1682ஆம் ஆண்டு கிராக்கோவில் வெளியான செர்னியெத்ஸ்கியின் சமையல் நூலிலேயே இப்பெயர் காணப்படுகிறது. அக்காலத்தில் அது நறுக்கிய இறைச்சியைப் புளிப்பும் காரமும் சேர்த்துச் சமைத்த செல்வர் வீட்டுப் பண்டம். விலை மலிந்த முட்டைக்கோஸ் பின்னரே அதில் இடம்பெற்று, எல்லார் வீட்டுக்கும் உரியதாக்கியது. 1834இல் வெளிவந்த மிட்ஸ்கியேவிச்சின் 'பான் ததேயுஷ்' காவியத்தில், கரடி வேட்டை முடித்தவர்கள் பசியாறுவது இந்த உணவைக் கொண்டுதான்.

செய்முறை (ஆறு பேருக்கு)

உப்பிட்டுப் புளிக்கவைத்த முட்டைக்கோஸ் அரைக் கிலோ, பச்சை முட்டைக்கோஸ் அரைக் கிலோ, பன்றியின் தோள்கறி அரைக் கிலோ, மாட்டிறைச்சி கால் கிலோ, புகையூட்டிய சாசேஜ் 100 கிராம், உலர்காளான் 30 கிராம், விதை நீக்கிய உலர் பிளம்ஸ் 8, வெங்காயம் 2, பிரிஞ்சி இலை 2, சிறிது மிளகு ஆகியவை தேவை.

காளானை வெந்நீரில் அரைமணி நேரம் ஊறவைத்து, அந்நீரை வடிகட்டி எடுத்துக்கொள்ளுங்கள். புளித்த முட்டைக்கோஸை நீரில் அலசிப் பிழியுங்கள். அடிகனமான பாத்திரத்தில் இறைச்சித் துண்டுகளை வெங்காயத்துடன் சிவக்க வதக்கி, மற்றவற்றையும் காளான் நீரையும் சேர்த்து மூடி, சிறு தீயில் மூன்று மணி நேரம் வேகவிடுங்கள். அடிபிடிக்காமல் அவ்வப்போது கிளறி, வற்றினால் வெந்நீர் ஊற்றுங்கள். தனியாக உப்புச் சேர்க்க வேண்டா.

தோள்கறி போன்ற உழைக்கும் தசைகளில் கொலாஜன் என்னும் இணைப்புத்திசு மிகுதி. விரைவாகச் சமைத்தால் அது நார்போல் இறுகிநிற்கும். சூட்டில் மணிக்கணக்காக இருந்தால் கரைந்து ஜெலட்டினாக மாறும். அப்போது கறி கரண்டியாலேயே பிரியும். பல் இழந்த முதியவருக்கும் மெல்லும் வலு குன்றியவருக்கும் இம்மாற்றம் பேருதவி.

ஆறவைக்கும்போது கவனம்

பிகோஸ் மறுநாளும் மூன்றாம் நாளும் சூடாக்க, மேலும் சுவைக்கும் என்பர் போலந்து மக்கள். ஆனால் அவர்கள் முன்னோர் பாத்திரத்தை வைத்தது உறைபனிக் காலத்தில், வீட்டின் குளிர்ந்த மூலையில். வெதுவெதுப்பான சமையலறைக்கு அவ்வழக்கம் பொருந்தாது. கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃபிரின்ஜன்ஸ் என்னும் நுண்ணுயிரின் வித்துகள் கொதிநிலையிலும் பிழைக்கும். பெரிய பாத்திரம் மெல்ல ஆறும்போது முளைத்துப் பெருகும். வயிற்றுவலியும் பேதியும் நலமுள்ளவருக்கு ஒருநாள் தொல்லை; முதியவருக்கும் எதிர்ப்பாற்றல் குறைந்தவருக்கும் அபாயம்.

ஆகவே சமைத்தவுடன் ஆழமற்ற சிறு பாத்திரங்களில் பிரித்து, இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிடுங்கள். வேண்டிய அளவை மட்டும் எடுத்து, நடுப்பகுதியும் ஆவி பறக்கும்வரை சூடாக்குங்கள். மூன்று நாள்களுக்கு மேல் வைத்திருக்க வேண்டா.

யார் கவனமாக இருக்க வேண்டும்?

- இதயச் செயலிழப்பு, உயர் இரத்த அழுத்தம் உள்ளவர்கள்: புளித்த முட்டைக்கோஸ் 100 கிராமில் ஏறத்தாழ ஒன்றரைக் கிராம் உப்பு உண்டு. ஒரு நாளைக்கு 5 கிராமுக்கும் குறைவாக உண்ணுமாறு உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கிறது. அலசினால் உப்பு குறையுமே தவிர முற்றிலும் நீங்காது. சாசேஜைத் தவிர்த்து, புளித்ததைப் பாதியாக்கிப் பச்சை முட்டைக்கோஸைக் கூட்டுங்கள்.
- வார்ஃபரின் உட்கொள்பவர்கள்: முட்டைக்கோஸில் வைட்டமின் கே உள்ளது. ஒரு வாரம் மிகுதியாகவும் மறுவாரம் இல்லாமலும் உண்டால் மருந்தின் அளவு தடுமாறும். உண்ணும் அளவு சீராக இருக்கட்டும்.
- சிறுநீரக நோயாளிகள்: உலர் பிளம்ஸிலும் காளானிலும் பொட்டாசியம் மிகுதி. மருத்துவரின் ஒப்புதலின்றி உண்ண வேண்டா.
- லினசோலிட் மருந்தோ, எம்.ஏ.ஓ. தடுப்பான் வகை மருந்தோ உட்கொள்பவர்கள்: புளித்த பண்டங்களிலுள்ள டைரமின் இரத்த அழுத்தத்தைத் திடீரென உயர்த்தக்கூடும். சிகிச்சைக் காலத்தில் பிகோஸை அறவே விலக்குங்கள்.
- வாய்ப்புண் உள்ளவர்கள்: புளிப்பு எரிச்சல் தரும். பச்சை முட்டைக்கோஸ் மட்டும் கொண்டு செய்யுங்கள்.

பன்றியும் மாடும் உண்ணாதவர்கள் ஆட்டுத் தொடைக்கறி கொண்டு இதே முறையில் சமைக்கலாம். அது பிகோஸ் ஆகாது. எனினும் கறி அதே மென்மையுடன் அமையும். தேறிவருபவருக்கு முதல்நாள் ஒரு சிறு கிண்ணம் போதும். அவர் விரும்பி உண்டு, வயிறும் ஏற்றுக்கொண்டால், மறுநாள் அளவைக் கூட்டுங்கள்.