அல்லைப்பிட்டியிலிருந்து கான் நகர் வரை

வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் பாரிசில் உறவினர் ஒருவரேனும் இல்லாத தமிழ்க் குடும்பத்தைக் காண்டல் அரிது. அங்குச் சென்ற அகதிகளுள் ஒருவர் ஐரோப்பியத் திரையுலகில் இடம்பெற்ற வரலாற்றை நம் மாணவர் பொருட்டு ஈண்டு எடுத்துரைக்க விழைகின்றோம்.

படத்தொழில் நமக்குப் புதிதன்று. களனி கங்கைக்கு வடக்கே ஹெந்தளையில் கே. குணரத்தினம் அவர்கள் நடத்திய விஜயா கலையகத்தில் சிங்களப் படங்கள் பல உருவாயின. 1983 யூலைக் கலவரத்தில் அது தீக்கிரையாயிற்று. படச்சுருள்களும் உடன் எரிந்தன. அவ்வாண்டின் பின் ஐரோப்பா நோக்கிப் புறப்பட்ட தமிழர் கையிற் படக்கருவி இருக்கவில்லை.

ஷோபாசக்தி என்னும் புனைபெயர் பூண்ட அன்ரனிதாசன் யேசுதாசன் 1967இல் யாழ்ப்பாணத் தீவகத்து அல்லைப்பிட்டியிற் பிறந்தவர். இளமையில் விடுதலைப் புலிகள் இயக்கத்திற் சேர்ந்து, பின்னர் விலகி, தாய்லாந்திற் சிலகாலம் தங்கி, 1993இல் பிரான்சை அடைந்து அடைக்கலம் பெற்றார். பாத்திரம் கழுவினார், கடைத் தட்டுகளிற் பொருள் அடுக்கினார், வீதி பெருக்கினார். இவற்றினிடையே எழுதினார். 'கொரில்லா' நாவல் 2001இலும், 'ம்' 2004இலும் வெளிவந்தன. நடிப்புக் கல்லூரி எதனையும் மிதியாத இவருக்கு எழுத்தே பயிற்சிக்களமாயிற்று என்பது எம் கருத்து. லீனா மணிமேகலை இயக்கிய 'செங்கடல்' படத்தின் திரைக்கதையிற் பங்குகொண்டு, அதில் நடித்தும் உள்ளார்.

பின்னர் வந்ததே 'தீபன்'. பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஒடியார் தமிழ் அறியாதவர். எனினும் படத்தின் பெரும்பகுதி உரையாடலைத் தமிழிலேயே அமைத்தார். இறந்தோர் மூவரின் கடவுச்சீட்டுகளைக் கொண்டு, ஒருவரையொருவர் அறியாத ஓர் ஆடவன், ஒரு பெண், ஒரு சிறுமி ஆகியோர் குடும்பம்போல் நடித்துப் பிரான்சை அடைகின்றனர். முன்னாட் போராளியான அவ்வாடவன், போதைப்பொருட் கும்பல்கள் ஆளும் குடியிருப்பொன்றின் காவற்காரனாகின்றான். அப்பாத்திரத்திற் பாதியளவு தம் வாழ்வே என நடிகர் கூறியுள்ளார். 2015 மே மாதம் கான் விழாவின் தலையாய பரிசாகிய தங்கப் பனை இப்படத்திற்குக் கிடைத்தது.

பரிசு பெற்றமையால் குறைகூறலாகாதென்பதில்லை. படத்தின் முற்பகுதி, அந்நிய மொழியிற் சிரிப்பதெங்கே, மௌனமாயிருப்பதெங்கே என அறியாது தடுமாறும் அகதியை மிக உண்மையாய்க் காட்டுகின்றது. இறுதியில் அவன் மீண்டும் ஆயுதமேந்துவதும், அதனையடுத்து வரும் இங்கிலாந்து வாழ்க்கைக் காட்சியும் எம் மனத்தில் ஒட்டவில்லை. முகமும் மொழியும் நம்மவருடையவை. முடிவோ அயலார் கற்பனை. ஷோபாசக்தியின் நாவல்களில் இத்தகைய எளிய விடுதலை எவருக்கும் கிட்டுவதில்லை. இயக்கத்தையும் அரசையும் ஒருங்கே கண்டித்தமையால் அவர்மீது சினங்கொண்டோர் நம்மிடையே உளர். அவர்களும் நூல்களைப் படித்தபின் சினப்பார்களாயின் நன்று.

இயக்குநர் இருக்கையிலும் நம்மவர் அமரத் தொடங்கியுள்ளனர். பாரிசில் வாழும் பிரதீபன் ரவீந்திரனின் குறும்படமொன்று 2010இலேயே கான் இயக்குநர் வாரத்தில் இடம்பெற்றது. பிரான்சிற் பிறந்த ஈழத்தமிழ்ப் பெற்றோரின் மைந்தர் லோறன்ஸ் வலின், தாம் இயக்கி நடித்த முழுநீளப் படத்தை 2024இல் வெனிஸ் நகரில் திரையிட்டார். பாரிசில் நம்மவர் கடைகள் நிறைந்த லா சப்பல் பகுதியே அதன் களம். 'லிட்டில் ஜாஃப்னா' என்பது அதன் பெயர்.