ஈரத்தோல் – 9: பாம்பு துப்பிய பிராணி

எங்கள் கரிசலில் பத்து ஏக்கர் புஞ்சை வைத்திருப்பவரைப் பெரிய சம்சாரி என்று யாரும் சொல்ல மாட்டார்கள். மழை தவறினால் அந்தப் பத்து ஏக்கர் உளுந்தும் மக்காச்சோளமும் விதைக்காசைக்கூடத் திருப்பித் தராது. டார்ஜிலிங் மலையில் சுக்கியாபோக்ரிக்குப் பக்கத்தில் அதே பத்து ஏக்கரை, கணக்காகச் சொன்னால் 4 ஹெக்டேரை, 1985-ல் வனவிலங்குச் சரணாலயம் என்று அறிவித்தார்கள். ஜோர்போக்ரி என்று பேர். புலி, யானை எதற்காகவும் இல்லை. சாணுக்குக் கொஞ்சம் குறைந்த நீளத்தில், கரும்பழுப்பு நிறத்தில், வாலை இழுத்துக்கொண்டு மெதுவாக நடக்கிற ஒரு சாலமாண்டருக்காக. நம்ம தூத்துக்குடி மாவட்டத்து வல்லநாடு வெளிமான் சரணாலயம் 16 சதுர கிலோமீட்டருக்குச் சற்று மேல். அதற்குள் நானூறு ஜோர்போக்ரிகளை அடுக்கலாம்.

தவளை, வாலுள்ளவை, காலே இல்லாதவை என்று இருவாழ்விகளில் மூன்று வகையறா. இதையெல்லாம் முன்பே சொல்லியாகிவிட்டது. மறுபடி சொல்ல இடமில்லை. இந்த வாரம் வெட்டுப்பட்ட கால் திரும்ப முளைக்கிற கதை என்று போன இதழின் கடைசி வரியில் எழுதியிருந்தேன். அதற்குள் எட்டயபுரத்து வாசகர் ஒருவர், ‘நம்ம ஊர்க் காட்டில் சாலமாண்டர் உண்டா, நான் ஒன்றைப் பார்த்தேனே’ என்று கேட்டு மாட்டிவிட்டார். அவர் பார்த்தது அரணை. அரணையைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

கரிசலில் சாலமாண்டர் கிடையாது. தமிழ்நாட்டிலேயே கிடையாது. விந்திய மலைக்குத் தெற்கே எங்கும் கிடையாது. காரணம் பழையது. இந்தியா, தென்பாதி உலகத்துப் பெருங்கண்டமான கோண்டுவானாவிலிருந்து பிய்ந்து, தனித்தீவாக வடக்கே நகர்ந்து வந்த நிலம். சாலமாண்டர்கள் வடபாதி உலகத்துப் பிறப்பு. தவளைகளும் காலில்லாத வகையும் நம் நிலத்தோடு சேர்ந்தே பயணம் வந்துவிட்டன. வால்காரர்கள் அந்தக் கப்பலில் ஏறவே இல்லை. நாம் போய் ஆசியாவோடு மோதி, இமயமலை எழும்பிய பிறகு கிழக்கு மூலையில் சில மட்டும் உள்ளே நுழைந்தன. உலகத்தில் 800-க்கு மேற்பட்ட சாலமாண்டர் இனங்கள் இருக்கின்றன. பாதிக்கு மேல் நுரையீரலே இல்லாமல் தோலாலும் வாயின் உட்சவ்வாலும் மூச்சுவிடும் ஒரே குடும்பம். அவர்கள் அநேகமாக எல்லோரும் அமெரிக்கக் கண்டங்களில். நமக்கு வாய்த்தது கைவிரல்விட்டு எண்ணக்கூடியது.

டார்ஜிலிங் பிராணிக்குச் சொந்தப் பேர் கிடைத்ததே அண்மையில்தான். 1868-ல் யூனான் போன பிரிட்டிஷ் பயணக்குழுவோடு கல்கத்தா இந்தியன் மியூசியத்தின் ஜான் ஆண்டர்சன் போனார். அங்கே பிடித்ததை வைத்து 1871-ல் டைலோடோட்ரைட்டான் வெருகோசஸ் என்று பெயரிட்டார். நம் மலையில் இருப்பதும் அதுதான் என்று எல்லோரும் வெகுகாலம் நம்பிக்கொண்டிருந்தார்கள். 2015-ல் நேபாள, சீன, இந்திய ஆய்வாளர்கள் சேர்ந்து கிழக்கு இமயமலையில் இருப்பது வேறு இனம் என்று காட்டி, டைலோடோட்ரைட்டான் ஹிமாலயானஸ் என்று பிரித்தார்கள். அந்தக் கட்டுரையின் ஆசிரியர்களில் ஐதராபாத் சி.சி.எம்.பி. ஆய்வு நிறுவனத்தின் கார்த்திகேயன் வாசுதேவனும் ஒருவர். அதன்பிறகு மணிப்பூரின் சைமெங் ஏரிப் பக்கத்திலிருந்தும் ஒரு புதிய இனம் வந்து சேர்ந்திருக்கிறது.

டார்ஜிலிங் பிராணியின் நாட்காட்டிதான் எனக்குப் பிடித்தது. கார்த்திகை தொடங்கி பங்குனி வரை கல்லுக்கடியிலும் மட்கிய மரத்துக்கடியிலும் உறக்கம். சித்திரை, வைகாசியில் கோடைமழை இறங்கினால் குளத்தைத் தேடி நடை. தண்ணீரில் இணை சேர்வதும் முட்டையிடுவதும். மழைக்காலம் முழுக்கக் குஞ்சுகள் வெளிச்செவுளோடு குளத்தில் வளர்ந்து, தண்ணீர் வற்றுவதற்குள் கரையேற வேண்டும். குர்சியாங் பக்கத்து நம்திங் போக்ரி வருஷத்தில் பல மாதம் வறண்டே கிடக்கிறது. அங்கேயும் இது இருக்கிறது. கரிசல்காரனுக்கு இந்தக் கணக்கைச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஐப்பசியில் முதல் பெருமழை இறங்கிய ராத்திரி நம் கண்மாய்க்கரையில் எழும்புகிற சத்தத்துக்குச் சொந்தக்காரர்கள் அதுவரை எங்கே இருந்தார்கள்? மண்ணுக்குள். பின்னங்கால் அடியில் இருக்கிற கெட்டியான தடிப்பால் பின்பக்கமாகவே தோண்டிக்கொண்டு இறங்கி, மழையின் ஈரம் வந்து தட்டும்வரை கிடக்கிற தவளைகள். வாயால் கெட்டதாகப் பழமொழியில் பேர் வாங்கிய நுணலும் இந்த வகையறாதான்.

சரணாலயம் என்று அறிவித்தவர்களைக் குறை சொல்ல மனமில்லை. அந்தக் காலத்தில் ஒரு பல்லி அளவு பிராணிக்கு அவ்வளவு நினைத்ததே பெரிது. ஆனால் அந்தப் பத்து ஏக்கரின் நடுவே இருப்பது தண்ணீர். பிராணியோ வருஷத்தில் பாதிக்கு மேல் தரையில், புல்லிலும் கல்லிடுக்கிலும், தேயிலைத் தோட்ட ஓரங்களிலும் இருக்கிறது. அங்கே பூச்சிமருந்து அடிக்கிறார்கள். அதன் குளங்களில் மீன் விட்டால் அது சாலமாண்டர் குஞ்சுகளைத் தின்கிறது. கரையைச் சிமெண்டால் பூசினால் ஏறவும் இறங்கவும் வழியில்லை. நம் பக்கமும் கண்மாயைத் தூர்வாரும்போது தவளையைக் காப்பாற்றுவதாக யாராவது மேடையில் பேசுகிறார்கள். தவளை வருஷத்தில் பெரும்பகுதி இருப்பது கண்மாயில் இல்லை; களைக்கொல்லி விழுகிற புஞ்சையில். இதை எழுதினால் என் சொந்தக்காரர்களே கோபிப்பார்கள். எழுதியாகிவிட்டது.

இனி அரணை. செதில் பளபளக்க, வேலிக்குள் வழுக்கி ஓடுகிற பிராணி. செதில் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் ஊர்வன, சாலமாண்டர் இல்லை. அரணை கடித்தால் மரணம் என்று நம் பாட்டிமார் அடித்துச் சொல்வார்கள். கடிக்க வந்து, வழியில் வந்த காரியத்தை மறந்துவிடுவதால்தான் நாமெல்லாம் உயிரோடு இருக்கிறோம் என்று விளக்கமும் தருவார்கள். அரணைக்கு விஷமே கிடையாது. பாட்டி சொன்ன விஷம், ஏறக்குறைய அதே உருவத்தில், ஈரத்தோலோடு, உலகின் மறுகோடியில் நிஜமாகவே இருக்கிறது. இந்த வாரம் என்னைத் தூங்கவிடாமல் செய்தது அதுதான்.

அமெரிக்காவின் மேற்குக் கரையில், ஆரிகான் மாநிலத்தில், ஒரு பழைய கதை உண்டு. காட்டில் முகாமிட்ட மூன்று வேட்டைக்காரர்கள் செத்துக் கிடந்தார்களாம். சண்டை இல்லை, காயம் இல்லை. காபிப் பானையைத் திறந்தால் உள்ளே வெந்துபோன ஒரு நியூட். முதுகு சொரசொரத்த பழுப்பு, வயிறு ஆரஞ்சு. அதுவும் சாலமாண்டர் வகைதான். 1960-களில் இந்தக் கதையைக் கேட்ட எட்மண்ட் பிராடி என்ற மாணவர் அந்தப் பிராணியின் தோலை ஆராயப் போனார். ஒரு நியூட்டின் தோலில் இருக்கிற விஷம் ஆயிரக்கணக்கான எலிகளைக் கொல்லப் போதும் என்று தெரிந்தது. பெயர் டெட்ரோடோடாக்சின். தூத்துக்குடி மீனவர்கள் வலையில் சிக்கினால் தூக்கி எறிகிற பேத்தை மீனில் இருப்பதும் இதே விஷம்தான். நரம்பில் சோடியம் நுழைகிற வாசல்களை அடைத்துவிடும். தசை செயலிழந்து, மூச்சு நின்றுவிடும். கதையை விடுங்கள், 1979-ல் ஆரிகானில் 29 வயது ஆள் ஒருவர், குடிபோதையில் பந்தயத்துக்காக ஒரு நியூட்டை உயிரோடு விழுங்கினார். சில நிமிஷங்களில் உதடு மரத்தது. ஆள் பிழைக்கவில்லை. மருத்துவ இதழில் வெளிவந்த வழக்கு இது.

இவ்வளவு விஷம் எதற்கு? ஒரு சாலமாண்டரைத் தின்ன வருகிற எதையும் விரட்ட இதில் நூறில் ஒரு பங்கு போதுமே. பதில் ஒரு பாம்பு. கார்ட்டர் பாம்பு என்று, மனிதருக்கு ஆபத்தில்லாத சாதாரணப் பாம்பு. நியூட்டைத் தின்றுவிட்டுச் சாகாமல் போய்விடுகிறது. அதன் நரம்பில் அந்தச் சோடியம் வாசலின் அமைப்பே சற்று மாறியிருப்பதால் விஷம் அதில் சரியாக ஒட்டுவதில்லை. பாம்பு தாங்கத் தாங்க நியூட்டின் விஷம் ஏறியது. விஷம் ஏற ஏறப் பாம்பின் தாங்கும் சக்தியும் ஏறியது. இந்தப் போட்டியை அளந்து எழுதியவர்கள் அதே பிராடியும், அப்பாவின் பேரையே கொண்ட மகன் எட்மண்ட் பிராடியும். ஒரு குடும்பம் முழுக்க இதே பிராணிக்கு நேர்ந்துவிட்ட மாதிரி இரண்டு தலைமுறை. வான்கூவர் தீவில் நியூட்டுகளுக்கு விஷமே பெரிதாக இல்லை. அங்கே பாம்புக்கும் தாங்கும் சக்தி இல்லை. தெற்கே ஆரிகானின் சில பகுதிகளில் இரண்டும் உச்சத்தில்.

இதற்குப் பாம்பு விலையும் கொடுக்கிறது: அதிகம் தாங்குகிற பாம்பு மெதுவாக ஊர்கிறது. அதைவிட வேடிக்கை ஒன்று. எந்த நியூட்டில் எவ்வளவு விஷம் என்று வெளியே பார்த்தால் பாம்புக்குத் தெரியாது. அதனால் விழுங்க ஆரம்பித்து, வாயிலேயே வைத்து, தன் உடம்பு தாங்குமா என்று பார்க்கிறது. சில நேரம் ஒரு மணி நேரத்துக்கு மேல்கூட. தாங்காது என்று பட்டால் துப்பிவிடுகிறது. பாம்பின் வாய்க்குள் அவ்வளவு நேரம் கிடந்த நியூட் எச்சிலோடு எழுந்து நடந்து போய்விடுகிறது! நம் இமயமலை ஆசாமியிடமும் விலாவோரம் இரண்டு வரிசையாக, முத்துமுத்தாகச் சுரப்பி முண்டுகள் இருக்கின்றன. அவற்றுக்கு நேர் அடியில் விலா எலும்பின் நுனிகள். கடித்தால் சுரப்பு கடிப்பவன் வாயில் இறங்கும்.

பக்கம் முடிந்துவிட்டது. கால் முளைக்கும் கதைக்கு மெக்சிகோ போயாக வேண்டும். 1864-ல் அங்கிருந்து 34 ஆக்ஸலாட்டல்கள் கப்பலேறி பாரிஸ் வந்தன. சாகும்வரை தண்ணீரிலேயே, செவுளோடே இருக்கிற சாலமாண்டர் என்பது எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. அவற்றில் ஆறு அகஸ்தே துயூமெரில் என்ற விலங்கியலாளர் கைக்குப் போயின. மறு வருஷம் அவருடைய தொட்டியில் பிறந்த குஞ்சுகளில் சில செவுளை உதறிவிட்டுக் கரையேறிவிட்டன. மனிதர் என்ன நினைத்திருப்பார் என்பதையும், ஒரு காலை வெட்டினால் அங்கே என்ன நடக்கிறது என்பதையும் அடுத்த வாரம். இந்த முறை நிச்சயம். இடையில் யாரும் அரணையைப் பற்றிக் கேட்காவிட்டால்.

(தொடரும்)