லைக் போட்டா கைது, மைக்கில் மிரட்டினா கைதட்டலா? வெறுப்புப் பேச்சுச் சட்டங்களில் என்னதான் சிக்கல்?

2012 நவம்பர். பால் தாக்கரே மறைவை ஒட்டி மும்பையும் சுற்றுவட்டாரமும் கடையடைப்பில் இருந்தன. 'இதுக்கு ஏன் ஊரே நிக்கணும்?' என்ற தொனியில் பால்கரைச் சேர்ந்த ஓர் இளம்பெண் ஃபேஸ்புக்கில் எழுதினார். அவரது தோழி அதற்கு ஒரு லைக் போட்டார். அவ்வளவுதான், இருவரையும் போலீஸ் கைது செய்தது.

அதே நாட்டில், மேடை போட்டு, மைக் பிடித்து, ஒரு சமூகத்தையே மிரட்டிப் பேசிவிட்டு நிம்மதியாக வீட்டுக்குப் போகிறவர்களையும் பார்க்கிறோம். ஒரு பக்கம் சட்டம் தேவைக்கு மேல் பாய்கிறது. இன்னொரு பக்கம் தேவைப்படும்போது தூங்குகிறது. ஏன் இப்படி?

அரசியலமைப்பு என்ன சொல்கிறது?

பேச்சு மற்றும் கருத்துச் சுதந்திரத்தைப் பிரிவு 19(1)(அ) தருகிறது. அடுத்து வரும் 19(2), அதற்கு 'நியாயமான கட்டுப்பாடுகள்' விதிக்க அரசுக்கு இடம் தருகிறது. நாட்டின் பாதுகாப்பு, பொது ஒழுங்கு, அவதூறு, குற்றம் செய்யத் தூண்டுதல் என அந்தப் பட்டியல் நீளும்.

இதில் 'பொது ஒழுங்கு' என்ற சொல் தொடக்கத்தில் கிடையாது. 'கிராஸ் ரோட்ஸ்' என்ற பத்திரிகைக்கு அன்றைய மெட்ராஸ் மாகாண அரசு விதித்த தடையை 1950-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அடுத்த ஆண்டே முதல் அரசியலமைப்புத் திருத்தம் மூலம் 'பொது ஒழுங்கு' பட்டியலில் சேர்ந்தது. ஆக, இந்தச் சண்டை குடியரசு பிறந்த காலத்திலேயே தொடங்கிவிட்டது.

எந்தெந்தச் சட்டங்கள்?

மதம், இனம், மொழி, சாதி அடிப்படையில் பகையைத் தூண்டுவது குற்றம் என்றது ஐபிசி 153ஏ. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பிஎன்எஸ் 196 இருக்கிறது. மத உணர்வை வேண்டுமென்றே புண்படுத்துவது பற்றிய 295ஏ, இப்போது 299. இது 1927-ல் பிரிட்டிஷ் ஆட்சி கொண்டுவந்த பிரிவு. வதந்தி பரப்பி மக்களிடையே பகை மூட்டுவது பற்றிய 505, இப்போது 353.

இத்தனை பிரிவுகள் இருந்தும், 'வெறுப்புப் பேச்சு என்றால் என்ன?' என்பதற்கு பிஎன்எஸ்-ல் ஒரு வரையறை இல்லை. தனிப் பிரிவுகள் கொண்டுவரலாம் என்று சட்ட ஆணையம் 2017-ல் தனது 267-வது அறிக்கையில் பரிந்துரைத்தது. புதிய சட்டம் எழுதியபோதும் அவை சேர்க்கப்படவில்லை.

அப்போ முடிவு செய்வது யார்?

முக்கியமான விஷயம் இங்கேதான் இருக்கிறது. பிரிவு 196-ல் வாரண்ட் இல்லாமலே போலீஸ் கைது செய்யலாம். ஜாமீன் உரிமையாகக் கிடைக்காது. ஆனால் வழக்கை நீதிமன்றம் விசாரணைக்கு எடுக்க, அரசின் முன் அனுமதி வேண்டும். அதாவது, கைது செய்வது சுலபம். விசாரணைக்கு மட்டும் ஆட்சியில் இருப்பவர்கள் கதவைத் திறந்துவிட வேண்டும். பேசியவர் ஆளும் தரப்புக்கு வேண்டியவர் என்றால் அந்தக் கதவு திறக்குமா?

2022 அக்டோபரில் டெல்லி, உத்தரப் பிரதேசம், உத்தராகண்ட் போலீசுக்கு உச்ச நீதிமன்றம் ஓர் உத்தரவு போட்டது. புகார் வரும்வரை காத்திருக்காமல், பேசியவர் எந்த மதம் என்று பார்க்காமல் வழக்குப் பதிய வேண்டும் என்றது. 2023 ஏப்ரலில் அது எல்லா மாநிலங்களுக்கும் விரிந்தது. சட்டப்படி ஏற்கெனவே செய்ய வேண்டிய வேலையைச் செய்யச் சொல்லவே ஒரு உத்தரவு தேவைப்பட்டிருக்கிறது.

இரு தரப்பும் சொல்வது என்ன?

கடும் சட்டம் வேண்டும் என்பவர்களின் வாதம்: வெறுப்புப் பேச்சு வெறும் பேச்சோடு நிற்பதில்லை. ஒரு சமூகத்தைத் தினமும் எதிரியாகக் காட்டினால், கடைப் புறக்கணிப்பு முதல் கலவரம் வரை போகும். பாதிக்கப்படுபவர்களும் பயத்தில் வாயை மூடிக்கொள்வார்கள். அவர்களுடைய கருத்துச் சுதந்திரம் என்னாவது?

எதிர்த்தரப்பின் பயம்: வரையறை தெளிவில்லாத சட்டம் அரசின் கையில் கிடைத்தால், அது முதலில் விமர்சகர்கள் மேல்தான் பாயும். பால்கர் கைதே இதற்குச் சாட்சி.

உண்மையில் இரண்டு வாதமும் ஒரே இடத்தைத்தான் தொடுகின்றன. யாருக்காக எழுதப்பட்ட சட்டம், யார் மேல் பயன்படுகிறது?

நீதிமன்றம் கோட்டை எங்கே போட்டது?

இடஒதுக்கீட்டுக் கொள்கையை விமர்சித்த 'ஒரே ஒரு கிராமத்திலே' படத்தின் சான்றிதழை மெட்ராஸ் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 1989-ல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை மாற்றியது. ஆபத்து ஊகமாக இருந்தால் போதாது, வெடிமருந்துப் பீப்பாயில் விழும் பொறி போல நேரடித் தொடர்பு இருக்க வேண்டும் என்றது.

பால்கர் கைதுக்குப் பிறகு ஸ்ரேயா சிங்கால் தொடர்ந்த வழக்கில், 2015-ல் ஐடி சட்டத்தின் 66ஏ பிரிவே ரத்தானது. விவாதிப்பது வேறு, ஒரு கருத்துக்காக வாதாடுவது வேறு, தூண்டிவிடுவது வேறு. மூன்றாவதுக்கு வரும்போதுதான் சட்டம் தலையிடலாம் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். ஆனாலும் ரத்தான பிரிவில் வழக்குகள் தொடர்வதாக 2021-ல் தெரியவந்தபோது உச்ச நீதிமன்றமே அதிர்ச்சி தெரிவித்தது.

2025 மார்ச்சில் இன்னொரு தீர்ப்பு. காங்கிரஸ் எம்.பி. இம்ரான் பிரதாப்கடி பகிர்ந்த வீடியோவில் ஒலித்த ஒரு கவிதைக்காக, குஜராத் போலீஸ் பிரிவு 196 உள்ளிட்டவற்றில் வழக்குப் பதிந்திருந்தது. அதை ரத்து செய்த நீதிமன்றம், சொற்களின் விளைவை உறுதியான மனம் கொண்டவர்களின் அளவுகோலில் பார்க்க வேண்டும், எதற்கெடுத்தாலும் ஆபத்தைக் காண்பவர்களின் அளவுகோலில் அல்ல என்றது. மூன்று முதல் ஏழு ஆண்டுகளுக்குள் தண்டனை உள்ள பேச்சு வழக்குகளில், முதலில் 14 நாட்களுக்குள் முதற்கட்ட விசாரணை நடத்துவதே பொருத்தம் என்றும் சொன்னது.

'ஃபார்வர்டுதானே பண்ணேன்' என்றால்?

அது தப்பிக்க உதவாது. பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவை 2018-ல் பகிர்ந்த வழக்கை ரத்து செய்யக் கோரி நடிகர் எஸ்.வி.சேகர் மனு செய்தார். 2023-ல் சென்னை உயர் நீதிமன்றம் மறுத்தது. பகிர்ந்தவரும் பொறுப்பாளிதான் என்றது. உச்ச நீதிமன்றமும் அவருக்குக் கைகொடுக்கவில்லை.

எனவே அடுத்த முறை ஒரு வீடியோ கோபமூட்டினால் மூன்று கேள்வி கேட்டுப் பாருங்கள். இது ஒரு கருத்தை, ஓர் அரசை, ஒரு தலைவரைத் திட்டுகிறதா. இல்லை, பிறப்பாலோ நம்பிக்கையாலோ ஒரு கூட்டத்தையே குறிவைக்கிறதா? யாரையாவது தாக்கவோ ஒதுக்கவோ சொல்கிறதா? இதையே நமக்குப் பிடித்தவர் பேசியிருந்தாலும் இதே கோபம் வருமா?

இதில் மூன்றாவது கேள்விக்குப் பதில் சொல்வதுதான் கஷ்டம். போலீசும் அரசும் தடுமாறுவதும் அதே கேள்வியில்தான்.