ஒரே தணலில் இருநாட்டுச் சுவை

பீகாரில் குடியேறிய நம் குடும்பங்களில் ஒரு வழக்கு உண்டு. முதியோர்க்குக் கடுகெண்ணெய் மணம் ஒவ்வாது. இங்கே பிறந்த குழந்தைகளோ லிட்டிதான் வேண்டுமென்பர். இரு சாராரையும் ஒரே பந்தியில் அமர்த்தும் வழி, குளிர்காலக் கரியடுப்பில் இருக்கிறது.

லிட்டி என்பது கோதுமை மாவு உருண்டை. உள்ளே 'சத்து' எனப்படும் வறுகடலை மாவு. நால்வருக்குக் கோதுமை மாவு 400 கிராமும் சத்து 200 கிராமும் போதும். சத்து மாவில் இஞ்சி, பூண்டு, பச்சைமிளகாய், ஓமம், எலுமிச்சஞ்சாறு, உப்பு ஆகியவற்றுடன், கடுகெண்ணெய்க்கு மாற்றாக நல்லெண்ணெய் சேர்த்து, நீர் தெளித்துப் பிசறுக. உருண்டைகளுள் இதனை அடைத்து, நீறு பூத்த தணலில் புரட்டிச் சுட்டு, சாம்பலைத் தட்டி நெய்யில் தோய்த்தெடுக்கவும்.

பீகாரியர் தொட்டுக்கொள்ளும் சோக்காவுக்கும் நமது கொத்சுவுக்கும் சுட்ட கத்தரிக்காயே மூலம். ஆகவே, கத்தரிக்காயை அதே தணலில் சுட்டு மசித்து, ஒரு பாதியில் பச்சைக் கடுகெண்ணெயும் பூண்டும் உப்பும் சேர்க்க. மறுபாதியைப் புளிநீரில் உப்பிட்டுக் கொதிக்கவைத்து, நல்லெண்ணெயில் கடுகு, மிளகாய், பெருங்காயம் தாளிக்க. அவரவர் விரும்பியதை அவரவர் உண்ணலாம்.

ஓர் எச்சரிக்கை. அடுப்பை முற்றத்திலேயே மூட்டுக. சமையல் முடிந்தபின், குளிருக்கு இதமென்று அதனை மூடிய அறைக்குள் கொண்டு செல்லற்க. கரியிலிருந்து எழும் கார்பன் மோனாக்சைடு வாயுவுக்கு நிறமுமில்லை, மணமுமில்லை; உறங்குவோர் உயிரை அது ஓசையின்றிக் கவர்ந்துவிடும்.